பூட்ஸ் தரையில்தான் இருந்தது

வியாழக்கிழமைகளில் கேள்வி கேட்பவள் நான்.
ராவன்ஸ்கில் ஊர், 'கறுப்புக் கிடா' மதுக்கடை,
பன்னிரண்டு மேசை, கரகரக்கும் ஒரு மைக்.
ஜெயித்த மேசைக்கு ஒரு முழுப் பன்றிக்கறிப் பை.
பத்துக் கேள்வியில் நான்காவது கால்பந்து இருக்க வேண்டும்,
இல்லாவிட்டால் ஜன்னலோர மேசை
கோட்டை மாட்டிக்கொண்டு கிளம்பிவிடும்.

அதிக கோல் யார், அதிக சிவப்பு அட்டை யார்,
அதெல்லாம் தெருநாய்க்கும் தெரியும்.
எனக்குப் பிடித்தவை
புள்ளிவிவரப் புத்தகத்தின் கடைசிப் பக்கங்கள்.
பெயருக்கு நேரே ஒரே ஒரு ஒன்று,
அதன் பின்னால் சைபர், சைபர், சைபர்.
அங்கேதான் அகப்பட்டார்:
டாட்டர்சால், க்ளைவ். முதல் டிவிஷன்.
ஒரு ஆட்டம், பிப்ரவரி 1979, மாற்று வீரர்.
எழுபத்து மூன்று வினாடி.
பந்தைத் தொடவில்லை.

அச்சில் வந்ததாலேயே ஒன்றை நம்புகிறவள் இல்லை நான்.
தொலைபேசிப் புத்தகத்தில் மூன்று டாட்டர்சால்.
முதலாமவர் பல் மருத்துவர்.
இரண்டாமவர் எடுத்து, இருமி, வைத்துவிட்டார்.
மூன்றாமவர் கேட்டார்:
"நான்தான். என்ன விற்கிறீர்கள்?"

பனி விழும் இரவுகளில்
சாலைக்கு உப்புத் தூவும் லாரி ஓட்டுகிறாராம்.
எழுபத்து மூன்று வினாடி என்றதும்
கொஞ்ச நேரம் எஞ்சின் சத்தம் மட்டும் கேட்டது.
"தொட்டேன். காலால் இல்லை, கையால்.
அணியில் பாதிப் பேருக்குக் காய்ச்சல்,
காலையில்தான் கூப்பிட்டார்கள்.
என் பூட்ஸ் அண்ணனின் வேனில், வேன் எங்கோ லீட்ஸில்.
மாற்று கோல்கீப்பருடையதைக் கடன் வாங்கினேன்,
அவன் பதினொன்று, நான் ஒன்பது.
போன வாரத் தோல்விச் செய்தியைக் கசக்கி
முனையில் திணித்துக்கொண்டேன்.
உள்ளே போனேன். பந்து வெளியே போனது.
'நீ எறி' என்றான் எவனோ. எறிந்தேன்.
கொடி எழுந்தது. பின்னங்கால் தரையை விட்டதாம்.
எறிதல் செல்லாது, பந்து அவர்களுக்கு.
அப்புறம் விசில், ஆட்டம் முடிந்தது.
ஆனால் ஒன்று எழுதிக்கொள்ளுங்கள்:
பூட்ஸ் தரையில்தான் இருந்தது.
கால்தான் அதற்குள்ளிருந்து கிளம்பிவிட்டது."

சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.
முப்பது வருடமாக உப்போடு உப்பாகத்
தூவிக்கொண்டிருந்திருப்பார் இதை.

வியாழன் வந்தது. ஏழாம் கேள்வியாக வைத்தேன்:
முதல் டிவிஷனில் தன் காலம் முழுவதையும்
ஒரே ஒரு செல்லாத எறிதலில் முடித்தவர் யார்?
பதினொரு மேசை வெறுந்தாள் கொடுத்தது.
அதில் ஒன்று என் பெயரை எழுதியிருந்தது, குறும்பு.
பன்னிரண்டாவது மேசை, கழிவறைப் பக்கம்,
எப்போதும் தனியாக விளையாடும் சிரில் ஐன்ஸ்கோ.
அழுத்தமான பெரிய எழுத்து: டாட்டர்சால்.
கீழே, யாரும் கேட்காத ஒரு வரி:
'கொடி தூக்கியவன் நான்.'

மைக்கை வைத்துவிட்டு அவர் எதிரே உட்கார்ந்தேன்.
பூட்ஸ் விஷயத்தைச் சொன்னேன்.
கிளாஸை நகர்த்தி, ஈரத்தில் விரலால்
ஒரு கோடு போட்டார், கோட்டின் மேல் ஒரு குதிகால்.
"வெள்ளை சாக்ஸ் தெரிந்தது.
சாக்ஸ் தெரிந்தால் கால் மேலே.
கால் மேலே என்றால் கொடி மேலே.
சட்டத்தில் 'பாதம்' என்றுதானே இருக்கிறது,
பூட்ஸ் என்றா இருக்கிறது?"

ஜன்னலோர மேசை கோட்டை மாட்டாமல் திரும்பியது.
'பாதம் எங்கே முடிகிறது' என்று ஒருவர்,
'கடன் வாங்கிய பூட்ஸ் பாதமாகுமா' என்று இன்னொருவர்.
எட்டு, ஒன்பது, பத்து கேட்கப்படவே இல்லை.
பை ஆறிப்போனது.

பன்னிரண்டரைக்கு வெளியே வந்தேன்.
ஆரஞ்சு விளக்குச் சுழல ஒரு லாரி
மேட்டில் ஏறிக்கொண்டிருந்தது.
அவராகவும் இருக்கலாம், வேறு யாராகவும் இருக்கலாம்.
சிரிலுக்கு அரை மதிப்பெண் என்று குறித்திருந்தேன்.
வழுக்காமல் வீட்டுக்கு நடந்தேன்.